ஃபேஸ்புக்கில் போட்டுவிட்டால் போதுமா?

சொந்தமாக ஒரு கேம் எழுதி முடித்தவருக்கு எல்லாரும் சொல்லும் யோசனை ஒன்று உண்டு: "பேசாமல் ஃபேஸ்புக்கில் போட்டுவிடு, ஊரே அங்கேதான் இருக்கிறது." சொல்பவருக்கு இதில் செலவு கிடையாது. கேட்பவர்தான் பல மாத உழைப்பை அந்த ஒரு வாக்கியத்தை நம்பி வைக்கிறார். 2007 மே 24 அன்று ஃபேஸ்புக் தன் தளத்தை வெளியார் எழுதும் ஆப்களுக்குத் திறந்துவிட்டது. அன்று முதல் இந்த யோசனையும் அதைச் சுற்றிய நம்பிக்கைகளும் வளர்ந்துகொண்டே வருகின்றன. அவற்றில் சில ஒரு காலத்தில் உண்மையாகவே இருந்தவை. காலாவதியான பிறகும் அவை புழங்கிக்கொண்டிருப்பதற்கு அதுதான் காரணம்.

"கூட்டம் அங்கே இருக்கிறது; கேம் தானாகப் பரவும்"

2009இல் இதை யாராவது சொல்லியிருந்தால் மறுக்க முடியாது. அந்த ஆண்டு ஜூனில் சிங்கா நிறுவனம் ஃபார்ம்வில் என்ற விவசாய கேமை வெளியிட்டது. விதைத்தாலும் பதிவு, அறுத்தாலும் பதிவு. தோட்டத்துக்கு வழிதவறி ஒரு மாடு வந்துவிட்டால் அதற்கும் நண்பர்களின் பக்கத்தில் ஓர் அறிவிப்பு. 2010 தொடக்கத்தில் மாதம் 8 கோடிக்கும் மேற்பட்டோர் அதை ஆடினார்கள். சிங்கா விளம்பரத்துக்கும் பணம் கொட்டியது என்பது வேறு விஷயம். ஆனால் ஆடுபவர் ஒவ்வொருவரும் தன்னையறியாமலே ஒரு துண்டறிக்கை விநியோகிப்பவராக இருந்தார்.

ஆடாதவர்களுக்குப் பொறுமை போனது. மற்றவர்கள் வீட்டு மாட்டைப் பற்றி ஒருவர் எத்தனை முறைதான் கேட்டுக்கொண்டிருப்பார்? 2010 மார்ச்சில் ஆப்கள் நோட்டிஃபிகேஷன் அனுப்பும் அந்தப் பழைய வழியை ஃபேஸ்புக் அடைத்தது. அதே ஆண்டு செப்டம்பரில், ஒரு கேமைப் பற்றிய பதிவுகள் அந்தக் கேமை ஆடுபவர்களுக்கே முழுமையாகத் தெரியும்படி மாற்றியது. புதியவர்களைப் பிடிக்கத்தானே அந்தப் பதிவுகள்? ஏற்கெனவே ஆடுபவருக்குக் காட்டி என்ன பயன்? இலவசமாக ஓடிக்கொண்டிருந்த குழாய் மூடப்பட்டது. அதற்குப் பிறகு புதிய ஆட்டக்காரர் வேண்டுமென்றால் அதே ஃபேஸ்புக்கிடம் விளம்பரம் வாங்க வேண்டியிருந்தது.

சிங்கா இதைத் தாங்கிக்கொண்டது. 2010 மே மாதமே ஃபேஸ்புக்குடன் ஐந்தாண்டு ஒப்பந்தம் போட்டிருந்தார்கள். 2011இல் ஃபேஸ்புக்கின் மொத்த வருவாயில் 12 சதவீதம் சிங்கா மூலம் வந்ததாக, பங்கு வெளியீட்டுக்காக ஃபேஸ்புக் தாக்கல் செய்த ஆவணமே சொல்கிறது. அவ்வளவு பெரிய வாடிக்கையாளர் பேச வந்தால் உட்காரவைத்துப் பேசுவார்கள். தனி ஆளாக ஒரு கேம் எழுதியவர், விதி மாறிய செய்தியை விதி மாறிய பிறகு படித்துத் தெரிந்துகொள்கிறார். அடுத்த வீட்டுத் திண்ணையில் கடை போடுவது போன்றதுதான் இது. வீட்டுக்காரர் நல்லவராகவே இருக்கலாம்; விளக்கை எப்போது அணைப்பது என்பது அவர் முடிவு.

2016 நவம்பரில் இன்ஸ்டன்ட் கேம்ஸ் வந்தபோது பழைய நம்பிக்கைக்குப் புது உயிர் கிடைத்தது. முதலில் 17 கேம்கள், 30 நாடுகள். நிறுவவே தேவையில்லை, மெசஞ்சரில் நண்பரோடு பேசிக்கொண்டிருக்கும் அதே திரையில் பேக்மேன் ஆடலாம். 2018 மார்ச்சில் எல்லா டெவலப்பர்களுக்கும் கதவைத் திறந்தார்கள். மறு ஆண்டே கேம்களை மெசஞ்சரிலிருந்து பெயர்த்து ஃபேஸ்புக் ஆப்பின் கேமிங் பகுதிக்குக் கொண்டுபோகப்போவதாக அறிவிப்பு. உரையாடலுக்கு நடுவில் ஆடுவதற்கென்றே கேம் வடிவமைத்தவர்களுக்கு அந்த உரையாடலே இல்லாமல் போயிற்று.

இங்கே ஓர் ஆளை நினைவுகூராமல் போக மனம் வரவில்லை. அப்போது ஜார்ஜியா டெக் பேராசிரியராக இருந்த இயன் போகோஸ்ட் இந்த வகை கேம்களைக் கிண்டல் செய்ய 2010இல் கவ் கிளிக்கர் என்று ஒன்றை எழுதினார். ஒரு மாடு நிற்கும். அதை ஒருமுறை தட்டலாம். மறுபடி தட்ட ஆறு மணி நேரம் காத்திருக்க வேண்டும். அவ்வளவுதான் கேம். கிண்டல் என்று தெரிந்தும் தெரியாமலும் ஆயிரக்கணக்கானவர்கள் ஆடினார்கள். 2011 செப்டம்பரில் மாடுகளை எல்லாம் அவர் மறைத்துவிட்டார். மாடு நின்ற வெற்றிடத்தைத் தட்டிக்கொண்டிருந்தவர்களும் உண்டு. பெரிய நிறுவனங்களின் தந்திரங்களை நகலெடுத்தால் போதும் என்று நினைப்பவர்கள் அந்தக் கேமின் வரலாற்றை ஒருமுறை படிக்கலாம். தந்திரம் வேலை செய்யத்தான் செய்கிறது. எழுதியவருக்கே அது சங்கடமாகிவிட்டது.

"கேமின் விதிக்கு யாரும் உரிமை கொண்டாட முடியாது, எதையும் போடலாம்"

பாதி உண்மை. மீதிப் பாதிக்கு நல்ல உதாரணம் நம் நாட்டிலேயே இருக்கிறது. கொல்கத்தாவைச் சேர்ந்த ரஜத், ஜெயந்த் அகர்வாலா சகோதரர்கள் எழுதிய ஸ்க்ராபுலஸ், 2007இல் ஃபேஸ்புக்குக்கு வந்தது. எழுத்துக் கட்டைகளை அடுக்கிச் சொல் அமைக்கும் ஸ்க்ராபிள் ஆட்டம்தான். நண்பர் ஒரு சொல் வைத்துவிட்டுப் போவார். நாம் மாலையில் வந்து பதில் சொல் வைக்கலாம். "உன் முறை" என்ற ஓர் அழைப்பே கேமைப் பரப்பிவிடும். நாளொன்றுக்கு 5 லட்சம் பேர் வரை ஆடினார்கள். பெரிய கம்பெனிகளுக்குத்தான் இதெல்லாம் சாத்தியம் என்று புலம்புபவர்களுக்கு இதைவிட நேரடியான பதில் வேண்டியதில்லை.

ஸ்க்ராபிளின் உரிமை அமெரிக்காவிலும் கனடாவிலும் ஹாஸ்ப்ரோவிடம், மற்ற நாடுகளில் மேட்டலிடம். 2008 ஜூலையில் ஹாஸ்ப்ரோ அமெரிக்காவில் வழக்குத் தொடுத்தது. சில நாட்களில் அந்த இரு நாடுகளின் பயனர்களுக்கு ஸ்க்ராபுலஸ் மறைந்தது. தீர்ப்பு வரும்வரை எந்தத் தளமும் காத்திருப்பதில்லை என்பதை அப்போது பலர் முதன்முறையாகப் பார்த்தார்கள். மேட்டல் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனது.

அந்த நீதிமன்றம் 2008 செப்டம்பரில் சொன்னதை கேம் எழுதும் ஒவ்வொருவரும் தெரிந்துவைத்துக்கொள்வது நல்லது. பலகையின் மீதான காப்புரிமைக் கோரிக்கையை அது ஏற்கவில்லை. ஆட்டத்தின் விதியும் அதை வெளிப்படுத்தும் பலகையும் பிரிக்க முடியாதபடி ஒன்றாகிவிட்டால், பலகைக்குக் காப்புரிமை கொடுப்பது விதிக்கே காப்புரிமை கொடுத்ததாகிவிடும் என்பது ஒரு காரணம். ஆனால் பெயர் விஷயத்தில் மேட்டலின் பக்கம் நின்றது. ஸ்க்ராபிள் என்பது பதிவு பெற்ற வணிகச் சின்னம். ஸ்க்ராபுலஸ் அதைக் காதில் விழும்போதே நினைவூட்டுகிறது. பெயருக்குத் தடை. சகோதரர்கள் லெக்சுலஸ் என்று பெயர் மாற்றினார்கள், கட்டமைப்பிலும் சிலவற்றை மாற்றினார்கள். அந்த ஆண்டு டிசம்பரில் ஹாஸ்ப்ரோ வழக்கைத் திரும்பப் பெற்றது. கேம் பிழைத்தது. ஆனால் உச்சத்தில் இருந்தபோது ஆடிய கூட்டம் இந்த மாதங்களில் கலைந்துபோனது.

ஆக, இன்று யாராவது பிரபலமான கேமின் பெயரை லேசாகத் திரித்து, "சட்டப்படி ஒன்றும் ஆகாது, ஐடியாவுக்குக் காப்பிரைட் கிடையாது" என்று சொன்னால், ஐடியாவைப் பற்றி அவர் சொல்வது சரி, பெயரைப் பற்றி யோசிக்கவில்லை என்று பொருள். படங்களும் இசையும் வேறு கதை. அவை நேரடியாகவே காப்புரிமைக்குள் வருபவை.

"யாரிடமும் காட்டாதே, திருடிவிடுவார்கள்"

திருடுகிறார்கள் என்பது நிஜம். ஸ்ப்ரை ஃபாக்ஸ் என்ற சிறு நிறுவனம் டிரிபிள் டவுன் என்ற கேமை 2011இல் ஃபேஸ்புக்கில் வெளியிட்டது. வெளியிடுவதற்கு முன் 6வேவ்ஸ் லோலாப்ஸ் என்ற நிறுவனத்தோடு பேச்சுவார்த்தை நடத்தியதாகவும், வெளிவராத கேமை ரகசியமாகப் பார்க்க அனுமதித்ததாகவும் அவர்களுடைய வழக்கு மனு சொன்னது. பேச்சு முறிந்தது. சிறிது காலத்தில் அதே நிறுவனத்திடமிருந்து எட்டி டவுன் வந்தது: புல்லுக்குப் பதில் நாற்று, கரடிக்குப் பதில் பனிமனிதன். வழக்கைத் தொடக்கத்திலேயே தள்ளுபடி செய்ய 2012இல் நீதிபதி மறுத்தார். இரு தரப்பும் சமரசமாகி, எட்டி டவுனின் உரிமையே ஸ்ப்ரை ஃபாக்ஸுக்கு வந்தது.

இதைப் படித்துவிட்டு ஒளித்துவைப்பதே சரி என்று முடிவுகட்டினால் தவறு. சமூக வலைத்தளத்தில் வெளியாகும் கேம் முதல் நாளே எல்லார் கண்ணிலும் படும், ஒளிக்க இடமில்லை. ஒளிப்பதைவிட உதவக்கூடியவை எழுத்தில் இருக்கும் ரகசிய ஒப்பந்தமும், முதலில் செய்தவர் யார் என்பதற்கான தேதிகளும்தான்.

"சின்ன கேம்தானே, இதற்கு ஏன் இத்தனை அனுமதி?"

தனியுரிமைக் கொள்கைப் பக்கம் கேட்கிறார்கள், ஆப் ரிவியூ என்கிறார்கள், நிறுவனச் சான்று கேட்கிறார்கள். விடுதி அறையில் உட்கார்ந்து கேம் எழுதியவருக்கு எரிச்சல் வருவது இயல்பு. அந்த எரிச்சலை அலெக்சாண்டர் கோகன் என்ற ஆய்வாளர் எழுதிய வினாடி வினா ஆப்பின் கணக்கில்தான் எழுத வேண்டும். அதுவும் ஒரு சின்ன ஆப்தான். நிறுவியவர்கள் சுமார் 2.7 லட்சம் பேர். ஆப்பை நிறுவியவரின் நண்பர்கள் விவரத்தையும் எடுக்கலாம் என்று அப்போதைய விதி அனுமதித்ததால், 8.7 கோடிப் பேர் வரையிலான விவரங்கள் கேம்பிரிட்ஜ் அனாலிடிகா என்ற அரசியல் ஆலோசனை நிறுவனத்தின் கைக்குப் போயிருக்கலாம் என்று 2018இல் ஃபேஸ்புக்கே ஒப்புக்கொண்டது. மறு ஆண்டு அமெரிக்க வர்த்தக ஆணையம் விதித்த அபராதம் 500 கோடி டாலர். அதற்குப் பிறகு எந்த ஆப்பும் சின்ன ஆப் இல்லை.

இந்தியாவில் இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டப்படி, பணம் கட்டிப் பணம் வெல்லும் ஆன்லைன் கேமுக்கு இடமே இல்லை. திறமையா அதிர்ஷ்டமா என்ற பழைய வாதமும் அங்கே எடுபடாது.

"ஏற்றியாயிற்று, இனி அது அங்கேயே இருக்கும், பணமும் வரும்"

ஃபார்ம்வில் 2020 டிசம்பர் 31 அன்று மூடப்பட்டது. அது நம்பியிருந்த ஃப்ளாஷ் நிரல் அன்றோடு ஓய்வு பெற்றது. பணத்தைப் பொறுத்தவரை, 2011 ஜூலையிலிருந்து தளத்தில் ஓடும் கேம்கள் ஃபேஸ்புக் கிரெடிட்ஸ் வழியாகவே பணம் வாங்க வேண்டும், அதில் 30 சதவீதம் ஃபேஸ்புக்குக்கு என்றாயிற்று. இன்ஸ்டன்ட் கேம்ஸ் வந்தபோது ஐபோனில் நெடுங்காலம் எதையும் விற்கவே முடியவில்லை. 2020இல் ஃபேஸ்புக் கேமிங் ஆப்பை ஐபோனுக்கு ஏற்றுக்கொள்ள ஆப்பிள் பலமுறை மறுத்தது. கடைசியில் உள்ளே ஆடும் கேம்களை எல்லாம் எடுத்துவிட்டுத்தான் வெளியிட்டார்கள். திண்ணைக்காரருக்கே அந்த நிலை.

"தளத்துக்குள் வைத்தால்தான் தளத்தில் பரவும்"

ஜாஷ் வார்டில் எழுதிய வேர்டில் என்ற சொல் ஊகிக்கும் கேம் எந்தச் சமூக வலைத்தளத்திலும் வெளியாகவில்லை. ஒரு சாதாரண இணையப் பக்கம். 2021 நவம்பர் முதல் தேதி ஆடியவர்கள் 90 பேர். 2022 ஜனவரி 2 அன்று 3 லட்சத்தைத் தாண்டியது. இடையில் நடந்தது, பச்சை மஞ்சள் சாம்பல் கட்டங்களாக முடிவை ட்விட்டர் போன்ற இடங்களில் பகிரும் வசதி. விடை வெளியாகாது, ஆனால் எப்படித் தடுமாறினோம் என்பது தெரியும். அந்தக் கட்டங்களோடு கேமின் இணைப்புகூட இல்லை; பார்த்தவர்கள் தாங்களே தேடிப் போனார்கள். ட்விட்டரிடம் எந்த அனுமதியும் கேட்கவில்லை, கேட்கவும் தேவையில்லை. அந்த ஜனவரி முடிவதற்குள் நியூயார்க் டைம்ஸ் அதை வாங்கியது.

இதற்காக ஃபேஸ்புக்கை ஒதுக்கிவிட வேண்டும் என்பதில்லை. இன்ஸ்டன்ட் கேம் என்பது எச்டிஎம்எல் 5இல் எழுதி, ஒரு ஜிப் கோப்பாக ஏற்றுவதுதான். ஃபேஸ்புக்கின் நிரல் நூலகத்தைக் கூப்பிடும் வரிகளைத் தனியே ஒரு கோப்பில் ஒதுக்கி எழுதினால், அதே கேம் சொந்த இணையதளத்திலும் ஓடும். முதல் திரை சில விநாடிகளில் வரவேண்டும் என்பதையும் கவனிக்க வேண்டும். காத்திருக்க யாரும் அங்கே வருவதில்லை. ஆடுபவரின் அடையாள எண்ணை மட்டும் ஃபேஸ்புக் கேமுக்குக் கேம் மாற்றித்தான் கொடுக்கும், வேறு எங்கும் அது செல்லாது. எனவே ஆட்டக்காரர் விரும்பினால் மின்னஞ்சல் கொடுத்துத் தன் புள்ளிகளைச் சேமித்துக்கொள்ளும் ஒரு வழியை, தளத்தின் விதி அனுமதிக்கும் அளவுக்கு, முதல் பதிப்பிலேயே வைத்துவிடுவது நல்லது. ஆறு மாதம் கழித்துச் சேர்த்துக்கொள்ளலாம் என்று விட்டால், அந்த ஆறு மாதம் ஆடியவர்கள் யாரென்றே எழுதியவருக்குத் தெரியாது.