ஊர் ஏன் அசையாமல் நின்றது?



"கம்ப்யூட்டர் ஹேங் ஆகிவிட்டது" என்பது இன்று பல வீடுகளில் கேட்கும் பேச்சு. அப்படி ஆனவுடன் நாம் என்ன செய்கிறோம்? சிலர் மவுஸைப் படபடவென்று தட்டுகிறோம். சிலர் சுவிட்சையே அணைத்துவிடுகிறோம். இன்னும் சிலர், "இதற்கு வயதாகிவிட்டது" என்று மூடி வைத்துவிடுகிறோம். நோயையும் அதன் காரணத்தையும் அறிந்த பிறகே மருத்துவம் செய்ய வேண்டும் என்பது திருக்குறளின் மருந்து அதிகாரம் நமக்குக் கற்பிக்கும் பாடம். அப்பாடம் மனிதருக்கு மட்டுமன்று, இயந்திரத்துக்கும் பொருந்தும் என்பதை ஒரு பழைய கணிப்பொறி விளையாட்டைக் கொண்டு இக்கட்டுரையில் விளக்குகிறோம்.

விளையாட்டைப் பற்றிக் கட்டுரையா என்று சிலர் எண்ணலாம். ஆனால் இது ஓர் ஊரையே நடத்திக் காட்டும் விளையாட்டு. ஓர் ஊரை நடத்தும் நிரல் ஏன் நிற்கிறது என்று தெரிந்துகொண்டால், மற்ற நிரல்கள் நிற்பதன் காரணத்தையும் தேடப் பழகிக்கொள்வோம்.

விளையாட்டின் வரலாறு

இதன் பெயர் 'தி சிம்ஸ்'. இதை உருவாக்கியவர் அமெரிக்கரான வில் ரைட். 1991-இல் கலிபோர்னியா மாநிலத்து ஓக்லாந்து நகரில் மூண்ட பெருந்தீயில் அவர் தம் வீட்டை இழந்தார். மீண்டும் வீடு அமைத்து, பொருள்களை ஒவ்வொன்றாக வாங்கி வைத்தபோது, ஒரு குடும்பம் நலமாக வாழ எவையெல்லாம் தேவை என்ற சிந்தனை அவருக்கு எழுந்தது. அச்சிந்தனையே விளையாட்டாக மலர்ந்தது. மாக்சிஸ் என்ற நிறுவனம் உருவாக்கிய இதனை, எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம் 2000-ஆம் ஆண்டு பிப்ரவரி 4-ஆம் நாள் வெளியிட்டது. இரண்டாம் பதிப்பு 2004-இலும், மூன்றாம் பதிப்பு 2009-இலும், நான்காம் பதிப்பு 2014-இலும் வந்தன.

இதில் வெற்றி தோல்வி இல்லை. நாம் படைக்கும் மனிதர்கள் சமைப்பார்கள், படிப்பார்கள், வேலைக்குப் போவார்கள், மணம் முடிப்பார்கள், முதுமை அடைவார்கள். முதல் இரண்டு பதிப்புகளில், நாம் பார்த்துக்கொண்டிருக்கும் வீட்டில் மட்டுமே வாழ்க்கை நடக்கும். மூன்றாம் பதிப்பிலோ ஊர் முழுவதும் ஒரே நேரத்தில் இயங்கும். நம் வீட்டார் தூங்கும்போது பக்கத்துத் தெருவில் ஒருவர் கடைக்குப் போய்க்கொண்டிருப்பார். இதுவே அதன் அழகு; அதன் தொல்லையும் இதுவே.

இந்தப் பதிப்பு வந்து இரண்டு ஆண்டுகள் கழித்து, 2011-இல், தமிழ்நாடு அரசு மாணவர்களுக்கு விலையில்லா மடிக்கணினி வழங்கத் தொடங்கியது. அக்காலத்து மடிக்கணினிகள் அண்ணன், அக்காவிடமிருந்து கைமாறி இன்றும் சில வீடுகளில் இருக்கின்றன. ஆகவே பழைய இயந்திரத்தில் பழைய விளையாட்டு என்பது நமக்குப் புதிய செய்தி அன்று.

நிற்பதில் மூவகை

எல்லா நிற்றலும் ஒன்றல்ல. முதல் வகை, நடந்துகொண்டே நொடிக்கொருமுறை தடுக்குவது. இரண்டாம் வகை, சேமிக்கும்போதோ ஊரைத் திறக்கும்போதோ நெடுநேரம் அசையாமல் இருப்பது. மூன்றாம் வகை, முற்றிலும் நின்றேவிடுவது.

ஒரு நிரல் 5 நொடிகள் வரை மறுமொழி தராவிட்டால், "இந்த நிரல் பதிலளிக்கவில்லை" என்று விண்டோஸ் அறிவிக்கும். அந்த அறிவிப்பு மரணச் செய்தி அன்று. நிரல் வேறொரு பெரிய வேலையில் மூழ்கியிருக்கலாம். கணிப்பொறியின் வட்டு விளக்கு மினுக்கிக்கொண்டிருந்தால் சில நிமிடங்கள் பொறுத்திருக்க வேண்டும். சேமிக்கும் வேளையில் பொறுமையிழந்து சுவிட்சை அணைத்தால், பாதி எழுதிய கோப்பு கெட்டுப்போகும்.

காரணங்கள்

முதற்காரணம் நினைவகத்தின் எல்லை. ஒரு தபால்காரருக்கு நான்கு இலக்கக் கதவு எண் மட்டுமே படிக்கத் தெரியும் என்று வைத்துக்கொள்வோம். 0000 முதல் 9999 வரை, ஆக 10,000 வீடுகளுக்கே அவர் கடிதம் கொடுக்க முடியும். ஊரில் ஒரு லட்சம் வீடு இருந்தாலும் மற்றவை அவருக்கு இல்லாதவையே. விண்டோஸுக்காக வந்த மூன்றாம் பதிப்பு ஒரு 32 பிட் நிரல். 2-ஐ 32 முறை பெருக்கினால் 429,49,67,296 வரும். அத்தனை பைட்டுகளுக்கு மேல், அதாவது 4 ஜிபிக்கு மேல், அதனால் எட்ட முடியாது. ஊர் வளர, மக்கள் பெருக, பொருள்கள் குவிய, இந்த எல்லை நெருங்கும். அப்போது சேமிக்கச் சொன்னால் 'பிழை எண் 12' என்ற அறிவிப்பு வரும். பெற்றோர்கள் இதைக் கவனிக்க வேண்டுகிறோம். 2 ஜிபி மட்டுமே உள்ள இயந்திரத்துக்கு நினைவகம் கூட்டினால் பயன் உண்டு. 8 ஜிபி உள்ளதை 16 ஆக்கினால் இந்த எல்லை ஓர் அங்குலமும் நகராது, பணம்தான் செலவாகும்.

இரண்டாம் காரணம் வழி தேடுதல். அந்தியூரை அடுத்த புதுப்பாளையத்தில் ஆடித் திருவிழா நடக்கும் குருநாதசுவாமி கோயிலையும், அங்கே கூடும் குதிரைச் சந்தையையும் நாம் அறிவோம். அக்கூட்டத்தில் ஒரு குறுகிய வழியை வண்டி ஒன்று மறித்து நின்றால், வந்தவர்கள் திரும்பி வேறு வழி தேடுவார்கள். அத்தனை பேருக்கும் ஒரே காவலர் வழி சொல்ல வேண்டுமென்றால் அவர் திணறிப்போவார். விளையாட்டில் கணிப்பொறியின் செயலிதான் அந்தக் காவலர். யாரேனும் ஒரு மூலையில் சிக்கிக்கொண்டால், வழி இல்லாத இடத்தில் அவருக்காக மீண்டும் மீண்டும் வழி தேடிக்கொண்டே இருக்கும். 2013-இல் வந்த 'ஐலண்ட் பாரடைஸ்' என்ற கூடுதல் பதிப்பிலுள்ள ஐலா பாரடைசோ என்னும் தீவு ஊர் இக்குறைக்குப் பெயர்போனது.

மூன்றாம் காரணம் பழைய குறிப்புகள். வேலையை விரைவாக முடிக்க, விளையாட்டு சில விவரங்களைக் குறித்து வைத்துக்கொள்ளும். அவற்றைக் கேஷ் கோப்புகள் என்பர். மாற்றங்கள் சேரச் சேர இக்குறிப்புகள் தவறாகிப் போகலாம்.

நான்காம் காரணம் வெப்பம். இப்பதிப்பு ஒரு நொடிக்கு இத்தனை படம் போதும் என்று தானாக நிறுத்திக்கொள்வதில்லை. வரைகலை அட்டை வேண்டாத அளவுக்கு உழைத்துச் சூடேறும். மடிக்கணினியின் காற்றுத் துளைகளைத் தூசி அடைத்திருந்தால் சித்திரை வெயிலில் சொல்லவே வேண்டாம்.

ஐந்தாம் காரணம் காலத்தின் மாற்றம். 2019-இல் ஆப்பிள் நிறுவனம் தன் கணிப்பொறிகளில் 32 பிட் நிரல்களுக்கு இடமில்லை என்று ஆக்கியது. அதனால் மேக் கணிப்பொறிகளுக்கு 2020-இல் தனியாக 64 பிட் பதிப்பு தர வேண்டியதாயிற்று. 2021-இல் வந்த 12-ஆம் தலைமுறை இன்டெல் செயலிகளில், மூன்றாம் பதிப்பு தொடங்கும்போதே நின்றுபோனது. இரு வகை உட்கருக்கள் கொண்ட செயலி வரும் என்று 2009-இல் எழுதிய நிரலுக்கு எப்படித் தெரியும்?

மருத்துவ முறை

எதையும் தொடுமுன் முதல் வேலை நகல் எடுப்பது. 'டாகுமென்ட்ஸ்' கோப்புறையில் 'எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ்' என்பதனுள் 'தி சிம்ஸ் 3' இருக்கும். அதில் 'சேவ்ஸ்' என்ற கோப்புறையைப் பென்டிரைவில் படியெடுத்துக்கொள்ள வேண்டும். ஊர் முழுவதும் அதில்தான் இருக்கிறது.

அடுத்து, ஒரு நேரத்தில் ஒன்றை மட்டுமே மாற்ற வேண்டும். ஐந்தையும் ஒன்றாக மாற்றினால் எது குணப்படுத்தியது என்று தெரியாது. ஆய்வகத்தில் நமக்குக் கற்பிக்கப்படும் முறையும் இதுவே.

எங்கள் வகுப்புத் தோழி ஒருத்தியின் வீட்டில் இதைச் செய்து பார்த்தோம். அவளுடைய அக்கா பள்ளியில் படித்தபோது தொடங்கிய குடும்பம் அதில் நான்கு தலைமுறையாக வாழ்கிறது. அக்கா இப்போது கோவையில் நர்சிங் படிக்கிறார். விளையாட்டில் மாலை நேரம் ஆனதும் ஊர் நின்றுவிடும். பழுது பார்க்கும் ஒருவரிடம் காட்டியபோது, எல்லாவற்றையும் அழித்துவிட்டுப் புதிதாகப் போட வேண்டும் என்றார். அழித்தால் அக்காவின் நான்கு தலைமுறையும் போய்விடும். ஆகவே நகல் எடுத்து வைத்துவிட்டு, ஒரு நோட்டில் தேதி, செய்த மாற்றம், கண்ட விளைவு என்று மூன்று பத்தி கிழித்துக்கொண்டோம்.

முதல் நாள், காஸ்பார்ட்கேஷ், கம்போசிட்டர்கேஷ், ஸ்கிரிப்ட்கேஷ், சிம்கம்போசிட்டர்கேஷ், சோஷியல்கேஷ் ஆகிய ஐந்து கேஷ் கோப்புகளை நீக்கினோம். இவற்றை விளையாட்டே மீண்டும் உண்டாக்கிக்கொள்ளும். ஊர் விரைவாகத் திறந்தது, மாலையில் நின்றது. இரண்டாம் நாள், காற்றுத் துளைகளைத் துடைத்து, வரைகலை அட்டையின் அமைப்பில் நொடிக்கு 60 படம் என்று வரம்பு வைத்தோம். சூடு தணிந்தது, மாலையில் நின்றது. மூன்றாம் நாள், கன்ட்ரோல், ஷிப்ட், சி ஆகிய மூன்று விசைகளையும் ஒருசேர அழுத்தி, தோன்றிய பெட்டியில் 'ரீசெட்சிம்' என்ற கட்டளையையும், இடம் விட்டு ஒரு நட்சத்திரக் குறியையும் தட்டினோம். சிக்கிக்கொண்ட அனைவரையும் விடுவிக்கும் கட்டளை அது. அன்று மாலை ஊர் நிற்கவில்லை! அந்த ஊர் எது என்று பார்த்தால், மேலே சொன்ன ஐலா பாரடைசோதான்.

ஆனால் சில நாள் ஆட்டத்துக்குப் பின் தடுக்கல் மீண்டும் தலைகாட்டியது. இது முழுக் குணம் அன்று, தணிப்புதான் என்று புரிந்துகொண்டோம். குடும்பத்தை வேறு ஊருக்குக் குடிபெயர்த்தால் தொல்லை தீரலாம். ஆனால் பழைய ஊரில் விட்டுவந்தவர்களோடு உள்ள உறவெல்லாம் அற்றுப்போகும். அக்காவைத் தொலைபேசியில் கேட்டோம். "அவங்க அங்கேயே இருக்கட்டும், நீங்க அப்பப்போ கட்டளை போட்டுக்குங்க" என்றார். அப்படியே செய்து வருகிறோம். தீராத நோயையும் காரணம் தெரிந்தால் அச்சமின்றிப் பேணலாம் அல்லவா?

பாதிப் பாதியாகத் தேடுதல்

பிறர் உருவாக்கிய உடை, மரச்சாமான் முதலிய கூடுதல் கோப்புகளைச் சேர்ப்பவர்கள் உண்டு. அவற்றில் ஒன்று கெட்டிருந்தாலும் ஊர் நிற்கலாம். 64 கோப்புகளில் கெட்டது எது? 32-ஐ வெளியே எடுத்து வைத்துப் பார்க்க வேண்டும். தொல்லை நீங்கினால் குற்றவாளி வெளியே எடுத்தவற்றில் இருக்கிறது. நீங்காவிட்டால் உள்ளே இருக்கிறது. இவ்வாறு 32, 16, 8, 4, 2, 1 என்று ஆறே சோதனையில் பிடித்துவிடலாம். நாம் கணக்கில் படிக்கும் பெருக்குத் தொடர்வரிசைதான் இது. பொது விகிதம் 1/2.

எச்சரிக்கை

உடனே சரியாகும் என்று முன்பின் தெரியாதவர்கள் தரும் நிரல்களை இறக்கக் கூடாது. வைரஸ் தடுப்பை நிறுத்தச் சொல்லும் எதையும் நம்பக் கூடாது. ஒரே பெயரில் சேமிக்காமல், வேறு வேறு பெயரில் இரண்டு மூன்று நகல்களாகச் சேமிக்க வேண்டும். மின்தடை வரக்கூடிய நேரத்தில் அடிக்கடி சேமிக்க வேண்டும்; மூன்றாம் பதிப்பு தானாகச் சேமிப்பதில்லை.

பெரிய நிறுவனத்துக்கும் இது எளிதன்று. 25-ஆம் ஆண்டு நிறைவையொட்டி 2025 ஜனவரி 31-இல் முதல் இரண்டு பதிப்புகளும் மீண்டும் வெளியிடப்பட்டபோது, பலருக்கு அவை இடையில் நின்றுபோயின. பின்னர் திருத்தங்கள் வெளியிடப்பட்டன. எனவே நம் வீட்டு விளையாட்டு நின்றால் நாம் வெட்கப்பட வேண்டியதில்லை.

முடிவுரை

2025 செப்டம்பர் 7-இல் திருத்தந்தை பதினான்காம் லியோ புனிதராக அறிவித்த கார்லோ அகுதிஸ் கணிப்பொறியில் வல்லவர். 2006-இல் இறந்தபோது அவருக்கு வயது 15, நம் வயதுதான். விளையாட்டுக்கு வாரத்துக்கு ஒரு மணி நேரம் மட்டுமே என்று அவர் தமக்குத்தாமே வரம்பு வைத்துக்கொண்டதாக அவரது வரலாறு கூறுகிறது. இயந்திரத்துக்கு 60 படம் என்று வரம்பு வைக்கத் தெரிந்த நமக்கு, நம் நேரத்துக்கும் ஒரு வரம்பு வைக்கத் தெரிய வேண்டும்.

இயந்திரப் பழுது ஆண்பிள்ளைகள் வேலை என்று சொல்வோர் இன்னும் இருக்கிறார்கள். அதற்கு வேண்டியவை பொறுமை, ஒரு நோட்டு, ஒரு நகல், ஏன் என்ற கேள்வி. இவை நான்கும் நம்மிடம் உண்டு. ஆகவே, அடுத்த முறை எது நின்றாலும் பதறாமல், அழிக்காமல், காரணத்தைத் தேடுவோம் தோழியரே!