அழைப்பு நின்ற பிறகு

அன்புள்ள தங்கைக்கு,

உன்னை அறிமுகப்படுத்திய இயக்குநர் அடுத்த படத்துக்கு வேறொருத்தியை எடுத்துவிட்டார் என்று எழுதியிருந்தாய். சீரியல் வாய்ப்பு வந்திருக்கிறது, ஒப்புக்கொண்டால் சினிமாக்காரர்கள் திரும்பிப் பார்க்கமாட்டார்களோ என்ற பயம் வேறு. ஆறுதல் சொல்லப் போவதில்லை. அதற்குப் பதில், ஸ்பானிஷ் நடிகை கார்மென் மௌராவின் படங்களைத் தேடி வரிசையாகப் பார்.

1945-இல் மாட்ரிட்டில் பிறந்தவர். இயக்குநர் பெத்ரோ அல்மோதோவாரின் முதல் திரையரங்குப் படத்தில் (1980) இவர்தான் நாயகி. காசில்லாத கூட்டம்; 16 எம்.எம். ஃபிலிமில், ஆள் கிடைத்த வார இறுதிகளில், ஒரு வருடத்துக்கும் மேலாக இழுத்த படப்பிடிப்பு. அடுத்த ஆண்டே அரசுத் தொலைக்காட்சியில் ‘எஸ்தா நோச்சே’ நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கி, வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். டிவிக்குப் போனவர் என்று அல்மோதோவார் ஒதுக்கவில்லை. 1984-இல் ஊரார் வீட்டைத் துடைத்துப் பிழைக்கும் குளோரியா வேடம் தந்தார். அவள் கணவனைப் பன்றித்தொடை எலும்பால் அடிக்கும் காட்சியைத்தான் எல்லோரும் பேசுவார்கள். நீ அவள் வேலை செய்யும் காட்சிகளைப் பார். அங்கே கோபத்தை நடிக்கவே இல்லை. களைப்பு மட்டும் உடம்பில் இருக்கும்.

1988-இல் அல்மோதோவார் இயக்கத்தில் அவர் நடித்த ‘நரம்புத் தளர்ச்சியின் விளிம்பில் பெண்கள்’ உலகமெங்கும் ஓடியது. அதோடு இருவரும் பிரிந்தார்கள். மறுபடி சேர்ந்தது 2006-இல், ‘வோல்வேர்’ படத்தில்.

இடையில் போன 18 ஆண்டுதான் உனக்குப் பாடம். கார்லோஸ் சவுராவின் ‘ஆய், கார்மெலா!’வில் (1990) ஸ்பானிஷ் உள்நாட்டுப் போருக்கு நடுவே ஊர் ஊராக ஆடிப் பாடும் கலைஞர். ஸ்பெயினின் கோயா விருது வந்தது. அலெக்ஸ் தே லா இக்லேசியாவின் ‘லா கொமுனிதாத்’ (2000) வந்தபோது வயது 55. செத்தவர் வீட்டில் அகப்பட்ட பணத்துக்காக மொத்தக் குடியிருப்போடும் மல்லுக்கட்டும் வீட்டுத் தரகராக, கூரைமேல் ஏறி ஓடுகிறார். அல்மோதோவார் படங்களைவிட எனக்கு இதுதான் பிடிக்கும். ரசிகர்கள் சண்டைக்கு வரட்டும். இதற்கும் கோயா. பிரெஞ்சு மொழியிலும் நடித்தார். அந்த 18 ஆண்டுக்கும் பிறகு, பாரிஸில் வேலை செய்யும் ஸ்பானிஷ் பணிப்பெண்ணாக நடித்ததற்கு 2012-இல் பிரான்ஸின் சேசார் விருது கிடைத்தது.

‘வோல்வேர்’ படத்தில் அவர் பெனெலோப் குரூஸுக்கு அம்மா. நாயகி வேடம் தந்தவரிடமே திரும்பிப் போய், நரைத்த தலையோடு நின்றார். கான் விழாவில் சிறந்த நடிகை விருதை அந்தப் படத்தின் பெண்கள் ஆறு பேரும் சேர்ந்து வாங்கினார்கள்.

சீரியலை ஒப்புக்கொள். ஆனால் மாதம் முழுவதையும் கால்ஷீட்டாக எழுதிக் கொடுத்துவிடாதே. நாடகத்துக்கோ புது இயக்குநர் ஒருவரின் சின்னப் படத்துக்கோ ஒரு வாரமாவது கையில் இருக்கட்டும். இன்னொரு மொழியும் கற்றுக்கொள். பழைய இயக்குநரைப் பற்றிப் பேட்டியில் கேட்டால், அந்தப் படத்தைப் பற்றி மட்டும் பேசு.

ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன் எனக்கு ஒரு நகல் அனுப்பு.

அன்புடன்,
அக்கா