சூட்டில் உட்கார ஒரு பலகை

அன்புள்ள தம்பிக்கு,

ஃபின்லாந்தின் தம்பரே நகரிலிருந்து நீ எழுதிய கடிதம் கிடைத்தது. குளிர், படிப்பு, சமையல் பற்றியெல்லாம் எழுதிவிட்டு, கடைசிப் பத்தியில் போகிற போக்கில் ஒரு கேள்வி கேட்டிருக்கிறாய். நீ குடியிருக்கும் வீட்டுக்காரர் தம் சவுனாவுக்கு, அதாவது சூட்டுக்குளியல் அறைக்கு, உட்காரப் புதிதாக மேடை போடப்போகிறார். துணைக்கு உன்னையும் கூப்பிட்டிருக்கிறார். ஆஸ்பென் பலகை வாங்கப்போகிறேன் என்று அவர் சொன்னதும் உனக்கு மனசு ஆறவில்லை. "தீக்குச்சிக்குப் போகிற மரம் அது. வைரம் பாய்ந்த தேக்கு போட்டால் தலைமுறைக்கும் நிற்குமே, இதில் என்ன கஞ்சத்தனம்?" என்று எழுதியிருக்கிறாய். அந்தக் கஞ்சத்தனம் என்ற சொல்லுக்காகத்தான் இவ்வளவு நீளமாகப் பதில்.

ஏறத்தாழ 55 லட்சம் பேர் வாழும் ஃபின்லாந்தில் சவுனாக்கள் மட்டும் சுமார் 30 லட்சம். அந்நாட்டுச் சவுனாப் பண்பாட்டை யுனெஸ்கோ 2020 டிசம்பரில் தன் மரபுச் செல்வப் பட்டியலில் சேர்த்தது. நீ இருக்கும் ஊரிலேயே, பிஸ்பலா மேட்டில், 1906-இல் திறந்த ராயாபோர்த்தி பொதுச் சவுனா இன்னும் விறகில் எரிகிறது. இப்படித் தலைமுறை தலைமுறையாக மேடை போட்டுப் பழகிய மக்கள் ஆஸ்பென், ஆல்டர் என்று மென்மையான மரங்களைத் தேடிப் போகிறார்கள் என்றால் அதற்கு ஒரு காரணம் இருக்கும் என்று தோன்றியிருக்க வேண்டாமா? நம் ஊர் மர அறிவு நல்ல அறிவுதான். நிலைக்கும் கதவுக்கும் உத்தரத்துக்கும் தேக்கை மிஞ்ச ஆளில்லை. ஆனால் ஒரு மரத்தை உயர்ந்தது, தாழ்ந்தது என்று பொதுவாகத் தரம் பிரித்து வைத்துக்கொண்டு எல்லா வேலைக்கும் அதையே நீட்டுவது பொறியியல் படிக்கிற பிள்ளைக்கு அழகில்லை.

வலுவைப் பற்றிய கவலையை முதலில் தீர்த்துவிடலாம். 28 மில்லிமீட்டர் கனமும் 90 மில்லிமீட்டர் அகலமும் உள்ள ஒரு ரீப்பர். 60 சென்டிமீட்டர் இடைவெளியில் இரண்டு சட்டங்கள் அதைத் தாங்குகின்றன. 100 கிலோ எடையுள்ள ஆள் அதன் நட்டநடுவில் ஒற்றைக்காலில் நின்றாலும் வளைவுத் தகைவு 13 மெகாபாஸ்கலைத் தாண்டாது. கணக்கை நீயே போட்டுப் பார். கணு இல்லாத ஆஸ்பென் முறிவதற்கு ஏறத்தாழ 60 மெகாபாஸ்கல் வேண்டும். மனிதர் உட்காரும்போதோ பாரம் நான்கைந்து ரீப்பர்களுக்குப் பிரிந்துவிடும். தேக்கின் கூடுதல் வலுவுக்கு அந்த மேடையில் வேலையே இல்லை.

மேடைக்கு வேலை வேறு. 80, 90 டிகிரிச் சூட்டில், உடம்பில் துணியில்லாமல் வந்து உட்காருகிறவரைச் சுடக்கூடாது. அவ்வளவுதான், ஆனால் அதுதான் எல்லாம்.

ஒரு பொருள் தொட்டவுடன் சுடுகிறதா என்பதை அதன் வெப்பநிலை மட்டும் முடிவு செய்வதில்லை. வெப்பக் கடத்துதிறன், அடர்த்தி, தன்வெப்பம் மூன்றையும் பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால் வரும் எண்தான் அந்தப் பொருள் எவ்வளவு வேகமாகச் சூட்டைக் கைமாற்றும் என்று சொல்லும். உன் வீட்டுக்காரரின் மேல் மேடை 75 டிகிரியில் இருக்கிறது, உட்காருகிறவரின் தோல் 37 டிகிரி என்று வைத்துக்கொண்டு தோராயமாகக் கணக்கிட்டால், தொட்ட கணத்தில் தோலும் பலகையும் சந்திக்கும் இடத்தின் சூடு ஆஸ்பெனில் 44 டிகிரி. தேக்கில் 47. கருங்கல்லில் 62. இரும்பில் 72. சித்திரை மாத மதியத்தில் கோயில் பிரகாரத்துக் கல்லில் குதித்துக் குதித்து ஓடியவனுக்குக் கல்லின் கணக்கை விளக்க வேண்டியதில்லை. ஆஸ்பெனுக்கும் தேக்குக்கும் நடுவில் மூன்று டிகிரிதானே என்று நினைத்துவிடாதே. மனிதத் தோலுக்கு வலி தொடங்குவது 44, 45 டிகிரியை ஒட்டித்தான். அந்த மூன்று டிகிரி சரியாக அந்தக் கோட்டின் மேல் விழுகிறது. ஒரு மரத்தில் சுகமாக உட்காரலாம். மற்றதில் நெளிய வேண்டும்.

இந்த விஷயத்தில் படித்ததிலேயே மறக்க முடியாத கட்டுரை ஒன்று உண்டு. ஃபின்லாந்தில் எழுதியது அன்று, லண்டனில். 1774-இல் ஜார்ஜ் ஃபோர்டைஸ் என்ற மருத்துவர் அடுப்பு வைத்துச் சூடேற்றிய அறைகளை ஏற்பாடு செய்து, மனித உடம்பு எவ்வளவு சூடு தாங்கும் என்று பார்க்க நண்பர்களை அழைத்தார். வந்தவர்களில் சார்ல்ஸ் பிளாக்டன் இருந்தார். கேப்டன் குக்குடன் எண்டெவர் கப்பலில் உலகைச் சுற்றிவந்த ஜோசப் பேங்க்ஸும், லின்னேயஸின் மாணவரான ஸ்வீடன்காரர் டேனியல் சொலாண்டரும் இருந்தார்கள். பிளாக்டன் எழுதிய அறிக்கையை ராயல் சொசைட்டி தன் ஆய்விதழில் 1775-இல் வெளியிட்டது. ஏப்ரலில் நடந்த சோதனையில் அறையின் சூடு 260 பாரன்ஹீட், அதாவது 127 டிகிரி செல்சியஸ் வரை போனது. உள்ளே வைத்த முட்டை கெட்டியாக வெந்தது. மாட்டிறைச்சித் துண்டு வெந்து காய்ந்தது. அதே காற்றில் மனிதர்கள் சில நிமிடம் நின்றுவிட்டு நல்லபடியாக வெளியே வந்தார்கள்.

வியர்வை ஆவியாகி உடம்பைக் காத்தது என்ற பகுதியை எல்லாப் புத்தகங்களும் சொல்லும். அந்தக் கட்டுரையில் கவனிக்க வேண்டியவை சின்னச் சின்ன விவரங்கள். காற்று அவர்களைச் சுடவில்லை. மேலே கிடந்த கடிகாரச் சங்கிலியும் மற்ற உலோகத் துண்டுகளும் தொட முடியாதபடி சுட்டன. முதல் சோதனையில் சட்டையோடு உள்ளே போன ஃபோர்டைஸ் காலில் கட்டிக்கொண்டது மரக்காலணி. பிறகு ஒரு நாயை உள்ளே விட்டபோது அதன் பாதம் வெந்துபோகக்கூடாது என்று கூடைக்குள் வைத்தார்கள். காற்று, உலோகம், மரம், பிரம்பு எல்லாம் ஒரே அறையில், ஏறத்தாழ ஒரே சூட்டில் இருந்தன. எது உடம்பில் படலாம், எது படக்கூடாது என்பது அன்றைக்கே கண்ணுக்குத் தெரிந்துவிட்டது. பிரெஞ்சுக் கணித அறிஞர் ஃபூரியே வெப்பக் கடத்தலைச் சமன்பாடாக எழுதி நூலாக்கியது 1822-இல். மரக்காலணி கட்டிக்கொண்டபோது ஃபோர்டைஸ் கையில் எந்தச் சமன்பாடும் இல்லை. மேடைக்கு மரம் தேர்ந்தெடுத்த ஃபின்லாந்துத் தச்சர்களுக்கும் அது தேவைப்படவில்லை.

சரி, மரங்களுக்கு வருவோம். ஆஸ்பென் வெளிர் நிறம். மணமில்லை, பிசினில்லை, எளிதில் சிராய் எழும்புவதில்லை. ஆல்டர் சற்றுச் செம்மை படர்ந்தது, ஈரத்தில் நிறம் ஆழ்ந்துபோகும். மற்றபடி குணம் ஒன்றே. மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து வரும் அபாச்சி இரண்டையும்விட லேசு. கன மீட்டருக்கு 400 கிலோகூடத் தேறாது. சுவருக்கு அடிக்கும் ஸ்ப்ரூஸும் பைனும் அந்த ஊரில் மலிவாகக் கிடைக்கின்றன என்று மேடைக்கும் அவற்றையே போட்டால், சூட்டில் பிசின் இளகி வெளியே வரும். கணு உள்ள இடம் சுற்றியுள்ள மரத்தைவிடக் கெட்டி, பிசினும் அங்கேதான் அதிகம். தொடையின் கீழ் ஒரு கணு இருந்தால் அந்த ஒரு புள்ளி மட்டும் தனியாகச் சுடும்.

ஃபின்லாந்தின் ஆய்வு நிறுவனமான விடிடி 1990-களில் வளர்த்தெடுத்த முறையில், 200 டிகிரியை ஒட்டிய சூட்டில் நீராவிக்குள் வைத்துப் பதப்படுத்திய மரமும் கடையில் கிடைக்கும். பழுப்பு நிறமாகிவிடும், ஈரத்தை அதிகம் உறிஞ்சாது, பிசின் போய்விடும். வலு கொஞ்சம் குறையும்; சட்டங்களைச் சற்று நெருக்கி வைத்தால் போதும். தேக்கைப் பற்றிக் கடைசியாக ஒன்று: அதன் எண்ணெய்ப்பசை மழைக்கும் கறையானுக்கும் எதிரான காப்பு. அதே பசையிலுள்ள பொருள்கள் சில தச்சர்களின் தோலில் அரிப்பை உண்டாக்குவது தெரிந்த விஷயம். வியர்த்த வெற்றுடம்பைக் கொண்டுபோய் ஏன் அதன்மேல் வைக்க வேண்டும்?

உன் கடிதத்தில் ஸ்டீம் ரூம் என்றும் ஓரிடத்தில் எழுதியிருக்கிறாய். இரண்டையும் குழப்பாதே. ஸ்டீம் ரூமில் 45 டிகிரிச் சூடு, நூற்றுக்கு நூறு ஈரப்பதம். அங்கே மரம் உலரவே உலராது, பூசணம் பிடிக்கும். டைல்ஸ் பதித்த மேடைதான் சரி. சவுனாவில் அடுப்பின் மேல் அடுக்கிய சூடான கல்மேல் தண்ணீர் ஊற்றும்போது எழும் ஆவி சிறிது நேரத்தில் அடங்கிவிடும். மற்ற நேரத்தில் காற்று வறண்டுதான் இருக்கும். மரம் அங்கே பல வருஷம் நிற்பது அதனால்தான்.

ஆவி என்றதும் ஃபின்லாந்தின் காவியமான கலேவலா நினைவுக்கு வருகிறது. எலியாஸ் லோன்ரோட் தொகுத்து 1849-இல் முழுமையாக்கிய 50 பாடல்கள். ஹெல்சிங்கியில் வாழ்ந்த ஈழத்து எழுத்தாளர் உதயணன், ஆர். சிவலிங்கம் என்பது இயற்பெயர், அதைத் தமிழில் கொண்டுவந்தார், 1994-இல் நூலாயிற்று. 18-ஆம் பாடலில் அன்னிக்கி தன் அண்ணன் கொல்லன் இல்மரினனுக்காகச் சவுனா மூட்டுகிறாள். 45-ஆம் பாடலில் நோய் தீர்க்கச் சவுனா மூட்டுகிறான் முதியவன் வைனாமொயினன். ஃபின்லாந்தில் படித்துக்கொண்டு இதைப் படிக்காமல் இருப்பது சரியில்லை; அங்குள்ள நூலகத்தில் தேடிப் பார்.

மேடையின் உயரத்துக்கு வருவோம். சூடு கூரையடியில் அடுக்கடுக்காகத் தங்கும், தரை குளிர்ந்தே கிடக்கும். உட்காருகிறவரின் பாதம் கல்லடுப்பில் அடுக்கிய கற்களின் மேல்மட்டத்துக்குக் கீழே போகக்கூடாது என்பது அங்குள்ள பழைய விதி. விதியை மீறினால் தலை வேகும், கால் விறைக்கும். ஃபின்லாந்துக்கு வெளியே விற்கும் ஆயத்தச் சவுனாக்கள் பலவற்றில் கூரையும் தாழ்வு, மேடையும் தாழ்வு; அதில் உட்கார்ந்துவிட்டுச் சவுனா பிடிக்கவில்லை என்று சொல்கிறவர்களைப் பார்க்கையில் கோபம்தான் வருகிறது. கூரையிலிருந்து 100 முதல் 120 சென்டிமீட்டர் கீழே மேல் மேடை. அதற்கு 40, 45 சென்டிமீட்டர் கீழே கால் வைக்கும் மேடை. மேல் மேடையின் ஆழம் 60 சென்டிமீட்டராவது இருக்கட்டும். கூரை 240 என்றால் இருக்கை 130-இல், பாதம் 85-இல் வரும்.

வேலையில் இறங்குமுன், வீட்டுக்காரரின் பழைய மேடைப் பகுதி ஒன்றைத் தலைகீழாகக் கவிழ்த்துப் பார். ஒழுங்காகச் செய்த மேடையானால் மேற்பக்கம் ஒரு ஸ்க்ரூத் தலைகூடத் தெரியாது. எல்லாம் அடியிலிருந்து, சட்டத்தின் வழியாக ரீப்பருக்குள் ஏறியிருக்கும். இரும்பின் 72 டிகிரியை நினைத்துக்கொள். 28 மில்லிமீட்டர் ரீப்பருக்குள் 20 மில்லிமீட்டர் ஏறட்டும்; மேலே 8 மில்லிமீட்டர் மரம் மிஞ்ச வேண்டும். முன்கூட்டியே துளை போடு, ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் ஸ்க்ரூ வாங்கு. ரீப்பர்களுக்கு நடுவே 10 மில்லிமீட்டர் விடு. தண்ணீர் வடியும், காற்று ஏறும். சுவரை ஒட்டியும் கொஞ்சம் இடம் விடு, மரம் ஊதினால் முட்டக்கூடாது. விளிம்பெல்லாம் இழைத்து உருட்டிவிடு. ரீப்பரின் முனையில் வளையங்களைப் பார்த்து, நடுத்தண்டுப் பக்கம் மேலே வரும்படி வை. வளையத்தின் போக்கில் மரம் சுருங்குவது ஆரத்தின் போக்கில் சுருங்குவதைப்போல் ஏறத்தாழ இரண்டு மடங்கு. அதனால் உலரும்போது அந்தப் பக்கம் புடைக்குமே தவிரக் குழியாகாது, தண்ணீர் தேங்காது. மேடையைத் தனித்தனிப் பகுதிகளாகக் கழற்றி வெளியே கொண்டுபோய்க் கழுவும்படி செய்.

வார்னிஷ் அடிக்கலாமா என்று கேட்கப்போகிறாய். கூடாது. அந்தச் சூட்டில் படலம் இளகும், நாறும், உரியும், உடம்பில் ஒட்டும். பாரஃபின் எண்ணெயை மெல்லத் தேய்த்து ஊறவிட்டு மிச்சத்தைத் துடைத்துவிட்டால் போதும். ஒன்றும் பூசாமல் விட்டாலும் தப்பில்லை. உட்காருமுன் ஒரு துண்டை விரித்துக்கொள்வது அங்குள்ள வழக்கம், நீயும் கடைப்பிடி.

மரக்கடைக்குப் போவதற்கு முன் மூன்று அளவு எடுத்து எழுதி அனுப்பு: கூரையின் உயரம், கற்களின் மேல்மட்டத்தின் உயரம், அடுப்புக்கும் மேடைக்கும் குறைந்தது எவ்வளவு தூரம் விடவேண்டும் என்று அடுப்போடு வந்த குறிப்பேட்டில் போட்டிருக்கும் கணக்கு. அந்தக் கடைசி அளவை வீட்டுக்காரர் நினைவிலிருந்து சொன்னால் எடுத்துக்கொள்ளாதே, குறிப்பேட்டையே பார், தீப்பிடிக்கிற விஷயம். மூன்றும் வந்ததும் சட்டங்களின் இடைவெளியை வரைந்து அனுப்புகிறேன்.

அன்புடன்,
உன் ஆசிரியர்