ஆறு புள்ளி வண்டு வாசலுக்கு வந்தால்: அக்கா சொல்லும் டிப்ஸ்

முதல் மழை விழுந்ததும், கரட்டு ஓரத்திலும் முட்காட்டு ஓரத்திலும் குடியிருக்கிற தங்கச்சிகளிடமிருந்து எனக்குப் போட்டோ வர ஆரம்பித்துவிடும். பெரிய கறுப்பு வண்டு, முதுகில் வெள்ளைப் புள்ளிகள். கூடவே ஒரே கேள்வி: "அக்கா, விஷ வண்டா? அடிச்சிடலாமா?"

அடிக்காதே கண்ணு. அது ஆறு புள்ளித் தரை வண்டு. அறிவியல் பெயர் ஆந்தியா செக்ஸ்குட்டாட்டா. 1775-லேயே ஃபேப்ரிசியஸ் என்ற பூச்சியியலாளர் பெயர் சூட்டிப் பதிவு செய்துவிட்டார். தரையில் ஓடி, பூச்சி புழுக்களைப் பிடித்துத் தின்கிற வேட்டைக்கார வண்டு இது. உன் ரோஜாச் செடியைக் கடிக்காது, அரிசிப் பானையில் குடியேறாது, உன்னைத் துரத்தவும் செய்யாது. ஆனால் கையால் தொடவும் கூடாது. இரண்டையும் சேர்த்தே சொல்கிறேன். பயந்தவர்கள் செருப்பைத் தூக்குகிறார்கள், பயப்படாதவர்கள் வண்டைத் தூக்குகிறார்கள். இரண்டுமே தப்பு.

தொந்தரவு செய்தால் இந்த வண்டு பின்பக்கத்திலிருந்து ஃபார்மிக் அமிலத்தைப் பீய்ச்சும். மாமரத்து முசுறு எறும்பு கடித்த இடத்தில் எரிகிறதே, அதே அமிலம்தான். இங்கே வீரியமும் அளவும் அதிகம். குனிந்து பார்க்கிறவர் முகம் வரை எட்டும். தோலில் பட்டால் எரியும், கண்ணில் பட்டால் கடுமையாக வலிக்கும். அதனால் நின்றபடி பார், அல்லது நன்றாகத் தள்ளி உட்கார்ந்து பார். பிள்ளைகளை முன்னால் விடாதே. நாய்க்குட்டி முகர்ந்து பார்க்கப் போனால் முதலில் அதை இழுத்துக்கொள். கண்ணில் பட்டேவிட்டால் கசக்காமல், சுத்தமான தண்ணீரால் கால் மணி நேரம் விடாமல் கழுவிவிட்டு, நேராகக் கண் டாக்டரிடம் போ. தாய்ப்பால், விளக்கெண்ணெய் என்று பக்கத்து வீட்டில் யார் சொன்னாலும் கேட்காதே.

அடையாளத்துக்கு வருவோம். முதலில் அளவு. ஏறக்குறைய 4 செ.மீ. நீளம். பத்து ரூபாய் நாணயத்தின் குறுக்களவு 27 மி.மீ., அதைவிட நீளமான வண்டு என்று வைத்துக்கொள். போட்டோ எடுக்கும்போது வண்டுக்குப் பக்கத்தில் நாணயத்தை வைக்கப் போகாதே. வண்டை ஒரு கல்லோடு, அல்லது ஒரு காய்ந்த இலையோடு சேர்த்து எடு. அது ஓடிய பிறகு அதே கல்லருகே நாணயத்தை வைத்து இன்னொரு படம் எடு. அளவு கிடைத்துவிடும். "பெரிசா இருந்துச்சு அக்கா" என்று மட்டும் சொன்னால் என்னால் ஒன்றும் சொல்ல முடியாது.

பிறகு புள்ளிகள். இறக்கை உறைகளின் மேல் நான்கு பெரிய புள்ளிகள், கழுத்துப் பகுதியில் இரண்டு சின்னப் புள்ளிகள், மொத்தம் ஆறு. எல்லாம் இடமும் வலமும் ஜோடி ஜோடியாக இருக்கும். பெயிண்ட் போலத் தெரிந்தாலும் அவை மெல்லிய வெள்ளை முடிகளால் ஆனவை. அதனால் ஒரு புள்ளி மங்கியிருந்தால் வேறு வண்டு என்று முடிவு கட்டிவிடாதே.

புள்ளியை மட்டும் நம்பக் கூடாது என்பதற்கு இன்னொரு பெரிய காரணம் இருக்கிறது. அதே முட்காட்டில், அதே சருகுக்குள், கறுப்பு உடம்பில் வெள்ளைப் புள்ளிகளோடு ஒரு கரப்பான் வாழ்கிறது. தெரியா பெட்டிவேரியானா என்று பெயர். அதற்குப் புள்ளி ஏழு. அமிலம் பீய்ச்சுகிற வண்டின் உருவத்தை ஒத்திருப்பதால் அதைத் தின்ன வருகிற பிராணிகள் ஒதுங்கிப் போகின்றன என்பது பூச்சியியலாளர்களின் கருத்து. வேஷம் அவ்வளவு பொருத்தம்! பிரித்தறிய எண்ணிக்கையோடு நின்றுவிடாமல் மூன்று இடங்களைப் பார். வண்டின் தலை முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும், கத்தரி போன்ற தாடைகள் தெரியும். கரப்பானின் தலை மேல்மூடிக்கு அடியில் மறைந்திருக்கும். வண்டின் இரண்டு இறக்கை உறைகளும் முதுகின் நடுவில் ஒரே நேர்க்கோட்டில் சந்திக்கும். கரப்பானுக்கு ஒன்றன் மேல் ஒன்று ஏறியிருக்கும். மூன்றாவது உருவம்: வண்டு கால் நீண்டு, கழுத்துப் பக்கம் ஒடுங்கி ஓட்டக்காரனாகத் தெரியும். கரப்பான் வட்டமாக, தட்டையாக இருக்கும். கரப்பானைக் கண்டாலும் மிதிக்காதே. அது சமையலறைக் கரப்பான் இல்லை, சருகுக் காட்டுக் கரப்பான்.

புள்ளியே இல்லாத பெரிய கறுப்பு வண்டுகளில்தான் நிறைய பேர் தடுமாறுகிறார்கள். தரை வண்டுக் குடும்பத்தில் உலகம் முழுக்கச் சுமார் 40,000 இனங்கள் இருக்கின்றன. எல்லாவற்றையும் இனம் வரை பிரிக்க நம்மால் ஆகாது, தேவையும் இல்லை. குடும்பத்தைக் கண்டுபிடித்தால் போதும். அதற்கு எனக்குப் பிடித்த வழி பாதத்தை எண்ணுவது. போட்டோவைப் பெரிதாக்கிக் கால் நுனியில் உள்ள சின்னக் கணுக்களை எண்ணு. தரை வண்டுக்கு முன்கால், நடுக்கால், பின்கால் மூன்றிலும் ஐந்து ஐந்து. அதேபோல் கறுப்பாகத் தரையில் திரிந்து மட்கியதைத் தின்கிற இன்னொரு குடும்பம் உண்டு. அதற்குப் பின்காலில் மட்டும் நான்குதான். உணர்கொம்பும் உதவும். தரை வண்டின் கொம்பு 11 கணுக்களோடு நூல் மாதிரி நீண்டிருக்கும். சாணி உருட்டும் வண்டுக்கும் தென்னையைக் குடைகிற காண்டாமிருக வண்டுக்கும் கொம்பு குட்டையாக, நுனியில் விசிறி மடிப்பு வைத்திருக்கும்.

நடையையும் கவனி. தரை வண்டு விறுவிறுவென ஓடும். விளக்கைத் தேடிப் பறந்து வந்து சுவரில் மோதி விழுந்தது என்றால் அது ஆறு புள்ளி வண்டு கிடையவே கிடையாது, ஏனென்றால் அதற்குப் பறக்கத் தெரியாது. தரை வண்டுகளிலேயே பறக்கக் கூடிய மற்ற இனங்கள் விளக்குக்கு வரலாம்.

இப்போது இடம். எங்கே பார்த்தாய் என்பதைச் சொன்னால் பாதி அடையாளம் முடிந்தது. ஆறு புள்ளி வண்டுக்கு வறண்ட நிலம் வேண்டும்: வெள்வேல், உடை, சூரை, கள்ளி வளர்ந்த காடு, அடியில் கல்லும் சருகும். பகலில் கல்லடியிலும் பொந்திலும் ஒண்டிக்கொண்டு, பொழுது சாய்ந்த பிறகு வேட்டைக்கு இறங்கும். மழை பெய்து பூச்சிகள் பெருகும் நாட்களில் கண்ணில் படும் வாய்ப்பு அதிகம்.

குளத்தங்கரை, வாய்க்கால் ஓரம் போன்ற ஈரமான இடத்தில் கல்லுக்கு அடியில் கும்பலாக, மஞ்சளும் கறுப்புமாக வண்டுகளைப் பார்த்தால் அது வேறு. ஃபெரோப்சோஃபஸ் எனப்படும் வெடி வண்டு அது. உடம்புக்குள் ஹைட்ரோகுவினோனும் ஹைட்ரஜன் பெராக்சைடும் ஒரே பையில் ஒன்றாகச் சேர்த்து வைத்திருக்கும். ஆபத்து வந்தால் இரண்டும் கெட்டிச் சுவருள்ள இன்னொரு அறைக்குப் போய், நொதிகள் பட்டதும் 100 டிகிரி செல்சியஸ் அளவுக்குச் சூடாகி, டப் என்ற சத்தத்தோடு புகையாக வெளியே வரும். விரலில் பட்டால் பழுப்புக் கறை பிடித்து, சோப்புப் போட்டாலும் உடனே போகாது. இந்தப் பேரினத்தில் சில இனங்களின் புழுக்கள் மண்ணுக்குள் பிள்ளைப்பூச்சியின் முட்டைகளைத் தின்று வளர்கின்றன. பிள்ளைப்பூச்சித் தொல்லை உள்ள நிலத்துக்காரருக்கு இது எவ்வளவு பெரிய துணை!

இளக்கமான மணலில் வளை தோண்டுகிற, இடுப்பு ஒடுங்கிய, பெரிய தாடை கொண்ட பளபளப்பான கறுப்பு வண்டு ஸ்காரிட்டீஸ். தொட்டால் செத்த மாதிரி கிடக்கும். நெல் வயலில் தாளின் மேல் ஏறித் திரிகிற மெலிந்த செம்பழுப்பு வண்டும் இதே குடும்பம்தான். ஒரு செ.மீ. கூட இருக்காது, ஆனாலும் தத்துப்பூச்சியையும் இலைச்சுருட்டுப் புழுவையும் அது விட்டுவைக்காது.

தேடிப் பார்க்கப் போகிறாய் என்றால் கவனம். கல்லைப் புரட்டும்போது உனக்கு எதிர்ப்பக்க விளிம்பைக் கம்பால் நெம்பி, உன் பக்கமாகச் சாய். அப்போது உள்ளே இருப்பது வெளியே வந்தாலும் கல் உனக்கும் அதற்கும் நடுவில் நிற்கும். இப்படிப்பட்ட நிலத்தில்தான் சுருட்டை விரியனும் தேளும் இருக்கின்றன. செருப்பு போதாது, மூடிய ஷூ வேண்டும். பார்த்து முடித்ததும் கல்லை எடுத்த மாதிரியே திரும்ப வை. புரட்டிப் போட்ட கல்லுக்கு அடியில் ஈரம் காய்ந்துவிடும், அங்கே எதுவும் தங்காது. ராத்திரி போனால் டார்ச்சில் சிவப்புக் கண்ணாடித் தாள் ஒட்டிக்கொள். துணைக்கு ஆள் இல்லாமல் போகாதே. வனத்துறை நிலமென்றால் அனுமதி இல்லாமல் காலே வைக்காதே.

சொந்த நிலத்தில் என்னென்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்ள ஒரு பிளாஸ்டிக் டப்பாவை வாய் தரைமட்டத்துக்கு வரும்படி புதைத்து, சுற்றிலும் சின்னக் கற்கள் வைத்து, அவற்றின் மேல் ஓர் ஓடு போட்டு, இடைவெளி விட்டு மூடு. அடியில் ஊசித் துளைகள் போடு, மழைத் தண்ணீர் வடியட்டும். உள்ளே சருகும் உடைந்த கொட்டாங்குச்சியும் போட்டுவை. ஒளிய இடமில்லாவிட்டால் விழுந்தவை ஒன்றையொன்று தின்றுவிடும். காலையில் முதல் வேலையாகப் போய்ப் பார்த்து, படமெடுத்து, டப்பாவைத் தூரப் பிடித்துச் சாய்த்து விட்டுவிடு. தினமும் பார்க்க நேரம் இல்லையென்றால் இதைச் செய்யவே செய்யாதே. உள்ளே கிடந்து சாவது தவளையும்தான்.

நோட்டில் தேதி, நேரம், மண், பக்கத்துச் செடி, மழை பெய்ததா என்று எழுது. மேலிருந்து ஒன்று, பக்கவாட்டில் ஒன்று, கால் தெரிய ஒன்று என்று எடுத்து ஐ-நேச்சுரலிஸ்ட் செயலியில் ஏற்று. தெரிந்தவர்கள் பெயர் சொல்வார்கள்.

கடைசியாக, என் மனசை அரிக்கிற விஷயம். மத்திய அரசு வெளியிடும் தரிசு நில வரைபடத் தொகுப்பில், 2019 பதிப்பு உட்பட, புதர்க்காடும் ஒரு தரிசு வகை. காகிதத்தில் தரிசு என்றான நிலத்துக்கு ஜேசிபி வருவது சுலபம். பறக்கிற பூச்சி அடுத்த காட்டுக்குப் போய்விடும். ஆறு புள்ளி வண்டால் முடியாது. நடந்தே போக வேண்டும், நடுவில் தார்ச்சாலையும் மதிலும் நிற்கும். ஆகவே மனை வாங்கியிருக்கிற தங்கச்சிக்கு நான் கேட்பது இவ்வளவுதான். நிலம் முழுவதையும் சமன் செய்யாமல் வேலி ஓரமாக ஒரு பட்டையில் முள்ளும் கல்லும் அப்படியே இருக்கட்டும். சருகைக் கூட்டிக் கொளுத்தாமல் அந்தப் பட்டையில் தள்ளு. அங்கே களைக்கொல்லி அடிக்காதே. காம்பவுண்டு கட்டும்போது கொத்தனாரிடம் சொல்லி, மழைத் தண்ணீர் வடிய விடுகிற துவாரங்களைத் தரைமட்டத்திலேயே, கை நுழையும் அகலத்துக்கு விடச் சொல். அஸ்திவாரக் கல் எழும்புவதற்கு முன்பே சொல்லிவிடு. பூசிய பிறகு உடைக்கச் சொன்னால் கூலி தனி.