மச்சைப் பரிசோதனையும் குருதி நோய்களும்

சித்த வைத்திய நூல்கள் உடற்றாதுக்களைச் சாரம், செந்நீர், ஊன், கொழுப்பு, என்பு, மூளை, சுக்கிலம் என ஏழாக வகுத்துரைக்கும். இவற்றுள் ஆறாவதாகிய மூளையைத் தலையோட்டினுள் இருப்பதென்றே மாணாக்கர் பொருள்கொள்வர். அஃது அவ்வளவில் நில்லாது. என்பின் உட்புழையில் நிறைந்திருக்கும் மென்பொருளையும் பண்டையோர் மூளையென்றே வழங்கினர். வடமொழிவழி வந்த மச்சை என்னுஞ் சொல் குறிப்பதும் அதனையே. தமிழாசிரியனாகிய யான் இச்சொல்லாராய்ச்சியோடு நின்றிருப்பேன். என் தமையனாருக்கு வந்த நோயொன்று அதற்கப்பாலும் என்னைச் செலுத்தியது.

அவர் மேனி வெளிறிற்று. நாலு படி ஏறினும் இளைத்தார். குருதியைச் சோதித்தபோது செங்குருதிக் கலங்கள், வெண்குருதிக் கலங்கள், குருதிச் சிறுதட்டுக்கள் ஆகிய மூன்றும் குறைந்திருந்தன. மச்சையை எடுத்துப் பார்த்தல் வேண்டுமென்றார் வைத்தியர். சுற்றத்தார் இசைந்திலர். “முள்ளந்தண்டில் ஊசி போட்டாற் கால் வழங்காது, தம்பி, வேண்டாம்” என்று பெரியம்மா அழுதார். இவ்வாறே இரண்டு கிழமை கழிந்தன.

குருதி பிறக்குமிடம் மச்சை என்பதை 1868ஆம் ஆண்டிலே கேனிக்ஸ்பேர்க் நகரில் ஏர்ணஸ்ட் நொய்மனும், இத்தாலியின் பாவியா நகரிற் பிட்சொசேரோவும் கண்டு வெளியிட்டனர். செங்கலத்தின் வாழ்நாள் ஏறத்தாழ 120 நாள். சிறுதட்டின் வாழ்நாள் ஏறத்தாழப் பத்து நாளே. மாய்வனவற்றை ஈடுசெய்தற்கு நொடிதோறும் ஏறத்தாழ 20 இலட்சம் செங்கலங்களை மச்சை ஆக்கி அனுப்புகின்றது. ஆதலின் குருதியைப் பார்த்தல் சந்தையைப் பார்த்தலை ஒக்கும். சுன்னாகச் சந்தைக்கு வெங்காயம் வரவில்லையெனின், சந்தையிலே நின்று காரணம் அறிதல் அரிது. தோட்டத்துக்குச் செல்லல் வேண்டும். ஆங்கே நடுவாரின்றி நிலம் வெறிதாய்க் கிடக்கலாம். களை மண்டிப் பயிரை நெருக்கியிருக்கலாம். பயிர் செறிந்து நின்றும் சத்தின்மையால் முற்றாது அழுகியிருக்கலாம். சந்தையோ மூன்றிலும் ஒரேபோல் வெறிச்சோடும்.

மச்சையிலும் இம்மூன்று நிலையும் உள. கலங்களை ஆக்கும் இழையம் அருகி, அவ்விடத்தைக் கொழுப்பு நிரப்புவது ஒன்று. முதிராத வெண்கலங்கள் அளவிறந்து பெருகி மற்றையவற்றை ஒடுக்குவது குருதிப் புற்றுநோய். மூன்றாவதில் விற்றமின் பீ 12 அல்லது போலிக்கமிலம் போதாமையாற் கலங்கள் பருத்து, முதிர்ச்சியெய்தாது, மச்சையினுள்ளேயே பெரும்பாலும் அழிகின்றன. இம்மூன்றாம் நிலையைச் சேர்ந்த ஒருவகைச் சோகை முன்னாளில் உயிர் கொல்வதாயிருந்தது; 1926ஆம் ஆண்டிலே பொஸ்தன் நகரத்து மைனற்று, மேர்பி என்னும் வைத்தியர்கள் நோயாளருக்கு ஈரலை உண்பித்து அதனைத் தணித்தனர். முதலாவதற்கு மச்சை மாற்றமோ வேறு கடுஞ்சிகிச்சையோ வேண்டும். இரண்டாவதற்குப் புற்றுநோய் மருந்து வேண்டும். மூன்றாவதற்குச் சிறுவிலை ஊசிமருந்தே போதும். எதுவென அறியாமல் மருந்து கொடுப்பது எங்ஙனம்?

இனி, பெரியம்மாவின் அச்சத்துக்கு வருவாம். 1927ஆம் ஆண்டிலே உருசிய வைத்தியராகிய அரின்கின், முள்ளந்தண்டு நீரெடுக்கும் ஊசியையே கொண்டு மார்பென்பிலிருந்து மச்சையை உறிஞ்சியெடுக்கும் முறையைக் காட்டினார். ஊசி ஒன்றாயினும் இடம் வேறு. இக்காலத்திற் பெரும்பாலும் இடுப்பென்பின் பின்விளிம்பிலேயே எடுக்கின்றனர், முண்ணாண் அவ்விடத்திலில்லை. தோலையும் என்பின் மேலுறையையும் விறைப்பூசியால் மரக்கச் செய்வர். என்பின் உட்புறம் மரப்பதில்லை. ஆதலின் உறிஞ்சும் கணத்திற் சுரீரென ஒரு நோவு உண்டு. அதனை மறைத்துரைத்தல் முறையன்று.

எடுப்பது இருவகை. உறிஞ்சிய நீர்மத்தைக் கண்ணாடித் தட்டிற் பூசிச் சாயமூட்டி, ஒவ்வொரு கலத்தின் உருவையும் நுணுக்குக்காட்டியிற் காண்பர். பின்னர்ப் பருத்த ஊசியால், ஏறத்தாழ இரண்டு சதமமீற்றர் நீளமுள்ள என்புத்துண்டொன்றை எடுப்பர். அதன் சுண்ணத்தை நீக்கிச் சீவவேண்டியிருத்தலின் முடிவு பிந்தும். முன்னது பயிரின் தன்மையைக் காட்டும். பின்னது நிலம் முழுதும் எவ்வாறுள்ளதெனக் காட்டும். மச்சையில் நார் மண்டிய நோயிலே எவ்வளவு உறிஞ்சினும் ஒரு துளியும் வாராமை உண்டு. அப்போது துண்டே சான்று. குருதி கட்டியாகாதிருக்க மருந்துண்போர் அதனை முன்னரே வைத்தியருக்குக் கூறல் வேண்டும். இரும்புச்சத்துக் குறைவு போன்ற பல சோகைகளைக் குருதிச் சோதனையே தெளிவாக்குமாதலின், வெளிறிய யாவர்க்கும் இச்சோதனை வேண்டுவதன்று.

ஈற்றில் தமையனாரே வைத்தியசாலைக்குப் புறப்பட்டார். மச்சை வெறிதாயில்லை, பருத்த, முதிராத செங்கலங்களால் நிறைந்திருந்தது. குருதியிலே பீ 12 மிகக் குறைவெனவும் தெரிந்தது. பல ஆண்டாக மரக்கறியுணவினர். பாலையுந் தயிரையும் ஒறுத்தவர். தாவர உணவில் அச்சத்து இல்லையென்பதை யாம் எவரும் நினைந்திலேம். ஊசிமருந்து தொடங்கி இரண்டு மாதத்திற் குருதியின் அளவு சீரடைந்தது. இடுப்பில் ஊசி சென்ற இடத்தைக் காட்டுமாறு பெரியம்மா கேட்டார். தடவிப் பார்த்தும் தமையனாருக்கு அவ்விடம் அகப்படவில்லை.