மகள் மாய உலகக் கதைகளிலேயே மூழ்கிக் கிடக்கிறாள், தடுக்கலாமா?

கேள்வி:

என் மகளுக்கு 13 வயது. இங்கே ஸ்காபரோவில் கிரேட் 8 படிக்கிறாள். இரண்டு வருடமாக அவள் கையில் மாய உலகக் கதைப் புத்தகங்களைத் தவிர வேறெதையும் நான் கண்டதில்லை. டிராகன், மந்திரக்கோல், வேறு உலகத்துக்குத் திறக்கும் கதவு என்று ஒன்று முடிய அடுத்த பாகம், அது முடிய இன்னொரு தொடர். இப்போது தானும் ஒரு கதை எழுதத் தொடங்கியிருக்கிறாள். கொப்பியின் முதல் பக்கத்தில், எங்குமே இல்லாத ஒரு நாட்டின் வரைபடத்தைக் கீறி வைத்திருக்கிறாள். "உதவாத புத்தகங்களோடு மினக்கெடுகிறாள், கணக்கைப் பார்க்கச் சொல்லு" என்கிறார் கணவர். மந்திரம், சூனியம் என்று பிள்ளையின் மனம் கெட்டுவிடும் என்று மாமி பயப்படுகிறா. என் கவலை வேறு. எவ்வளவோ பாடுபட்டு இந்த நாட்டுக்கு வந்து சேர்ந்தோம். அந்தக் கதையைச் சொல்ல வெளிக்கிட்டால் எழுந்து போய்விடுகிறாள். இல்லாத ஊர்க் கதையை மட்டும் விடிய விடிய வாசிக்கிறாள். சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்குப் போகிறாள், எழுத்துக் கூட்டி வாசிப்பாள், அதோடு சரி. இந்தப் புத்தகங்களை நிறுத்துவதா, விடுவதா?

ஒரு தாய், ஸ்காபரோ

பதில்:

நிறுத்த வேண்டாம். 13 வயதுப் பிள்ளை யாரும் சொல்லாமலே பாகம் பாகமாக வாசிக்கிறாள் என்றால் அது பாதுகாக்க வேண்டிய பழக்கம். நித்திரை கெடுகிறதா, கணக்கில் பிந்துகிறாளா, சிநேகிதிகளை விட்டு ஒதுங்குகிறாளா என்று கவனியுங்கள். அப்படி ஏதும் இருந்தால் அதற்கு நேரடியாக வழி செய்யுங்கள். பத்து மணிக்கு விளக்கை அணைக்கச் சொல்லலாம், கணக்குக்கு ஒரு நேரம் ஒதுக்கலாம். பழியைப் புத்தகத்தின்மேல் போட வேண்டியதில்லை.

மாமியிடம் ஒன்று கேட்டுப் பாருங்கள். சின்ன வயதில் விக்கிரமாதித்தன் கதை கேட்டாவா? முருங்கை மரத்து வேதாளமும் கூடு விட்டுக் கூடு பாய்தலும் அவவுக்குத் தெரியாமலா இருக்கும்? 1947இல் சென்னையிலிருந்து வரத் தொடங்கிய அம்புலிமாமாவை யாழ்ப்பாணத்திலும் பிள்ளைகள் கைமாற்றிக் கைமாற்றி வாசித்தார்கள். அவர்களில் ஒருவரும் சூனியம் செய்யப் போகவில்லை. மாமியை இத்தோடு விட்டுவிடவில்லை, அவவிடம் பிறகு வருகிறேன்.

உங்கள் கவலைதான் கனமானது. அதற்கு ஒரு பழைய புத்தகத்திலிருந்து தொடங்க வேண்டும். நார்னியா வரிசையில் முதலில் வெளிவந்த கதையை சி. எஸ். லூயிஸ் 1950இல் வெளியிட்டார். நான்கு பிள்ளைகள் ஓர் அலுமாரிக்குள் புகுந்து, பனி மூடிய வேறோர் உலகத்தில் போய் நிற்கிறார்கள். வாசித்த எல்லோருக்கும் அந்த அலுமாரி நினைவிருக்கும். அந்தப் பிள்ளைகள் அந்த வீட்டுக்கு ஏன் வந்தார்கள் என்பது பலருக்கு மறந்துபோகும். லண்டனில் விமானக் குண்டுவீச்சு நடந்ததால் பெற்றோரைப் பிரிந்து, முன்பின் தெரியாத ஒருவரின் வீட்டுக்கு அனுப்பப்பட்ட பிள்ளைகள் அவர்கள். 1939 செப்டம்பரின் முதல் சில நாட்களில் மட்டும் பிரிட்டனின் நகரங்களிலிருந்து ஏறத்தாழ 15 லட்சம் பேர் வெளியேற்றப்பட்டார்கள், பெரும்பாலும் பிள்ளைகள். லூயிஸின் ஒக்ஸ்போர்ட் வீட்டிலும் அப்படி வந்த சிறுமியர் தங்கியிருந்தார்கள். இடம்பெயர்வு என்றால் என்னவென்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

போர்க்காலத்து ஷெல்லடியையும் பங்கரையும், ஊரை விட்டு வெளியேற பாஸ் எடுத்த கதையையும் நீங்கள் சொல்லும்போது, கேட்டுக்கொண்டிருக்கும் பிள்ளைக்கு அதற்குள் செய்ய ஒன்றுமில்லை. அம்மாவின் கண் கலங்குவதைப் பார்த்துக்கொண்டு இருக்கலாம், அவ்வளவுதான். அதனால்தான் எழுந்து போகிறாள் என்று நினைக்கிறேன். அவள் வாசிக்கும் கதைகளிலும் ஊர் எரிகிறது, தாய் தகப்பன் இறக்கிறார்கள், பிள்ளைகள் இரவில் எல்லை கடக்கிறார்கள். ஆனால் அங்கே அவள் வயதில் ஒரு பிள்ளை எழுந்து நின்று ஏதோ ஒன்றைச் செய்கிறது. உங்கள் கதையைத் தாங்கிக் கேட்பதற்கு வேண்டிய பலத்தை அவள் அங்கேதான் தேடுகிறாள் போலும். அதை ஓடி ஒளிவதாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

இந்த வகைக் கதைகளை மதித்துச் சேர்த்து வைத்திருக்கும் நகரத்தில்தான் நீங்கள் இருக்கிறீர்கள் என்பதையும் கணவருக்குச் சொல்லுங்கள். ரொறன்ரோ பொது நூலகத்தில் 1912இல் சேர்ந்தவர் லிலியன் ஸ்மித். குழந்தைகளுக்கான நூலகப் பணியைப் பயின்று வந்தவர். 1922இல் பிள்ளைகளுக்கென்றே ஒரு தனி நூலக வீட்டைத் திறந்தார். 1934இல் இங்கிலாந்திலிருந்து வந்த எட்கர் ஒஸ்போர்ன் என்ற நூலகர் அதைக் கண்டு மனம் நிறைந்து, 1949இல் தன்னிடமிருந்த ஏறத்தாழ 2,000 பழைய சிறுவர் நூல்களை இந்த நகரத்துக்கே கொடுத்தார். பிறகு ஜூடித் மெரில் என்ற அமெரிக்க எழுத்தாளர், தன் நாடு வியட்நாமில் நடத்திய போரைப் பொறுக்காமல் 1968இல் ரொறன்ரோவுக்குக் குடிவந்தவர், 1970இல் தன்னிடமிருந்த 5,000 அளவிலான அறிபுனை, மாயப்புனைவு நூல்களைக் கொடுத்தார். இரண்டு சேர்க்கைகளும் பல மடங்கு பெருகி, காலேஜ் வீதி 239ஆம் இலக்கத்தில், லிலியன் ஸ்மித்தின் பெயரிலேயே 1995இல் திறந்த கட்டடத்தில் இருக்கின்றன. வாசலின் இரு பக்கமும் வெண்கலத்தில் சிறகு முளைத்த சிங்கமும், கழுகுத் தலையும் சிங்க உடலுமான கிரிஃபினும் காவல் நிற்கின்றன. நம்முடைய கோயில் வாசலில் யாளியைப் பார்த்து வளர்ந்த கண்ணுக்கு அவை அந்நியமாகத் தெரியாது.

இந்த நகரத்துப் பிள்ளைகளே மாய உலகம் போன கதையும் உண்டு. கை கேவ்ரியல் கே என்பவர் இளவயதில், டோல்கீன் விட்டுச்சென்ற கையெழுத்துப் படிகளை அவருடைய மகன் நூலாக்கியபோது உடனிருந்து உதவியவர். பிறகு ரொறன்ரோ பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தார். 1984க்கும் 1986க்கும் இடையில் அவர் எழுதிய ஃபியோனவார் மூன்று பாகங்களில், அதே பல்கலைக்கழக மாணவர் ஐந்து பேர் வேறோர் உலகத்துக்குப் போகிறார்கள். ஆனால் அதில் ஒரு பெண்மீது கொடிய பாலியல் வன்முறை நடக்கிறது. 13 வயதுக்கு வேண்டாம், பதினாறு பதினேழில் வாசிக்கட்டும். மாய உலகம் என்று அட்டையில் இருந்தாலே சிறுவர் நூல் ஆகிவிடாது. என்ன வாசிக்கிறாள் என்று நீங்களும் புரட்டிப் பார்க்க வேண்டும், அவளுக்குத் தெரியும்படியே பாருங்கள்.

நாலோ ஹொப்கின்சனின் முதல் நாவலும் அப்படி வளர்ந்த பிறகு வாசிக்க வேண்டியதுதான். ஜமெய்க்காவில் பிறந்து பதின்ம வயதில் ரொறன்ரோவுக்கு வந்தவர் அவர். 1998இல் வந்த அந்த நாவலில், சிதைந்துபோன ரொறன்ரோ நடுநகரத்தில் கரீபியப் பேத்தி ஒருத்தி தன் பாட்டியின் தெய்வங்களின் துணையோடு தீயவனை எதிர்க்கிறாள். சி.என். கோபுரம்கூட அந்தக் கதைக்குள் வருகிறது. பாட்டியின் சாமிகள் காலேஜ் வீதியையும் யங் வீதியையும் கடந்து வர முடியும் என்று ஒரு குடியேறிய பெண் எழுதிக் காட்டிவிட்டார். நமது வீடுகளில் அப்படிப்பட்ட பாட்டிகள் இருக்கிறார்கள். எழுதும் பேத்தி ஒருத்தி உங்கள் வீட்டில் கொப்பியும் கையுமாக இருக்கிறாள்.

இனி மாமி. அவ குறிகட்டுவானில் படகேறி நயினாதீவு நாகபூசணி அம்மனிடம் போயிருப்பா. அந்தத் தீவுதான் மணிமேகலையில் வரும் மணிபல்லவம் என்று ஈழத்தில் பலர் சொல்வார்கள். பள்ளிக்கூடத்தில் மணிமேகலையை ஐம்பெருங்காப்பியங்களில் ஒன்று, பசிப்பிணி தீர்த்தவள் என்று இரண்டு வரியில் படித்து முடித்துவிட்டோம். உங்கள் மகளுக்குச் சொல்ல வேண்டிய விதம் வேறு.

தகப்பன் வேற்றூரில் அநியாயமாகக் கொல்லப்பட்டான். அதைக் கேட்ட பெண்ணின் கண்ணீர் அவள் கட்டிக்கொண்டிருந்த மாலையில் விழுந்து, பூ பழுதாகிறது. வேறு பூப் பறிக்கத் தோழியோடு சோலைக்குப் போகிறாள். அரசன் மகன் தேரில் துரத்தி வருகிறான். பளிங்கு மண்டபத்துக்குள் ஒளிகிறாள். அன்றிரவு கடல் தெய்வம் ஒன்று அவள் தூங்கும்போதே தூக்கிக்கொண்டு வான் வழியே பறந்து, ஒரு தீவில் விட்டுவிட்டுப் போகிறது. விழித்துப் பார்த்தால் மணல், அலை, பறவைகள். தெரிந்த முகம் ஒன்றுமில்லை. தோழியின் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறாள், செத்துப்போன தகப்பனைக் கூப்பிட்டு அழுகிறாள். பிறகு அங்கே ஒளிவிடும் பீடத்தைக் கண்டு தன் முற்பிறப்பை அறிகிறாள். தெய்வம் திரும்பி வந்து மூன்று மந்திரம் சொல்லிக் கொடுக்கிறது: வேற்றுரு எடுக்க ஒன்று, வானில் பறக்க ஒன்று, பசி தாங்க ஒன்று. தீவைக் காக்கும் தீவதிலகை அவளைக் கோமுகிப் பொய்கைக்குக் கூட்டிப்போக, ஆண்டுக்கு ஒருமுறை வைகாசியில் தோன்றும் அமுதசுரபி என்ற, அள்ள அள்ளச் சோறு குறையாத கிண்ணம் அவள் கைக்கு வருகிறது. அந்தக் கிண்ணத்துக்கு முன்பு சொந்தக்காரனாக இருந்த ஆபுத்திரன், கப்பல்காரர் மறந்து விட்டுப்போனதால் அதே தீவில் தனித்து இறந்தவன். அவன் கதையைத் தனியே ஓரிரவு சொல்லலாம்.

இங்கே நிறுத்தி, "உன்னிடம் இந்த மூன்று மந்திரமும் கிண்ணமும் இருந்தால் என்ன செய்வாய்?" என்று கேளுங்கள். மணிமேகலை பறந்து திரும்பியது தான் விட்டு வந்த புகார் நகருக்கே. எத்தனை தின்றாலும் அடங்காத யானைத்தீ நோய் பிடித்த காயசண்டிகையின் பசியைத் தீர்த்தாள். அவள் உருவத்தையே எடுத்து ஊருக்குச் சோறு போட்டாள். அரசனிடம் கேட்டுச் சிறைச்சாலையை அறச்சாலை ஆக்கினாள். உங்கள் மகள் வாசித்த எந்த நாயகிக்கும் இவள் குறைந்தவளல்ல.

இதைத் தமிழ்ப் பாடமாக ஆக்கிவிடாதீர்கள். சொல் கேட்டு எழுதச் சொல்ல வேண்டாம், "இங்கிலீஷ் புத்தகம் வேண்டுமென்றால் முதலில் இது" என்று பேரம் பேசவும் வேண்டாம். மாமி தன் பேச்சுத் தமிழில், இரவுக்கு ஒரு பகுதியாக, ஆபத்தான இடத்தில் நிறுத்திச் சொல்லட்டும். வாசிக்கக் கொடுப்பதென்றால் அவளுக்கு ஏற்கெனவே தெரிந்த கதையே நல்லது. ஹாரி பாட்டர் தமிழிலும் வந்திருக்கிறது, கதை மனப்பாடம் என்பதால் மொழி மட்டுமே புதிது. ஆங்கிலத்தில் அவள் வயதுக்கு ரோஷனி சோக்‌ஷியின் ஆரு ஷா தொடர் இருக்கிறது. 2018இல் தொடங்கிய அதில் பாண்டவர் மறுபிறவி எடுத்து இந்தக் காலத்துச் சிறுமியராக வருகிறார்கள். இன்னும் ஓரிரு வயது போனபின், மிஸ்ஸிசாகாவில் வாழும் தனாஸ் பாத்தேனா பழைய இந்தியாவின் சாயலில் படைத்த மந்திர நாட்டுக் கதையைக் கொடுக்கலாம். 2020இல் வந்தது.

அவள் எழுதும் கதையைக் காட்டினால் எழுத்துப் பிழை பார்க்காதீர்கள். வரைபடத்தில் இருக்கும் ஊர்களின் பெயரைக் கேளுங்கள்.

ஒரு சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்ததும் கென்னடியில் சப்வே ஏறி, ஸ்பதைனாவில் இறங்கி, ஸ்ட்ரீட்காரில் காலேஜ் வீதிக்குப் போங்கள். மூன்றாம் மாடியில் மெரில் சேர்க்கை, நான்காம் மாடியில் ஒஸ்போர்ன் சேர்க்கை. அரிய நூல்களை அங்கேயே இருந்து பார்க்க வேண்டும், கட்டணம் கிடையாது. போகும்போது மாமியையும் கட்டாயம் கூட்டிப்போங்கள்.