கருத்தடை அறுவைக்குப் பின் அமைதி காத்தல்

கருத்தடை அறுவை சிகிச்சைக்காகத் தங்கள் நாயையோ பூனையையோ எங்களிடம் அழைத்து வருவோர், பெரும்பாலும் சிகிச்சை நாளை எண்ணியே கலங்குகின்றனர். வீட்டில் மிகுந்த விழிப்பு வேண்டுவதோ அதன் பின்வரும் நாள்களில்தான். இரண்டு மூன்று நாள்களில் வலி தணிந்ததும் பிராணி பழையபடி ஓடித் தாவ முற்படும். உள்ளே புண் ஆறியிராது. பெண் பிராணிக்கு வயிற்றுத் தசையிலும் தையல் இடப்பட்டிருக்கும். அது விரிந்தால் மீண்டும் அறுவை செய்ய நேரிடும். ஆகவே, அமைதியாக வைத்திருத்தலும் சிகிச்சையின் ஒரு பகுதியே.

முன்னேற்பாடு

ஒரு வாரத்திற்கு முன்பே தொடங்குங்கள். கழுத்தில் அணிவிக்கும் கூம்புக் கவசத்தை நாள்தோறும் சில நிமிடம் மாட்டி, விருப்பமான தின்பண்டம் கொடுங்கள். பூனையை எடுத்துவரும் கூண்டைத் திறந்தே வைத்து, அதற்குப் பழகிய துணியை உள்ளே விரியுங்கள். வெடியோசை மிகுந்த தீபாவளி நாள்களைத் தவிர்த்துத் தேதி குறிப்பது நலம்.

சிகிச்சை நாள்

உணவை எப்போது நிறுத்த வேண்டும் என்பதை வயதுக்கேற்பக் கூறுவோம். குட்டிகளை நெடுநேரம் பட்டினி போடலாகாது. மயக்கத்தில் வாந்தி வந்தால் உணவு மூச்சுக்குழலுக்குள் புகக்கூடும். எனவே, இரக்கப்பட்டு ஒரு பிஸ்கட்டும் கொடுக்காதீர்கள்.

முதல் இரவு

மயக்கம் தெளியும்போது பிராணி தள்ளாடும், முனகும். குளிரும் எளிதில் தாக்கும். கட்டிலில் ஏற்றாமல் தரையில் போர்வை விரித்து, மங்கிய ஒளியில் படுக்க விடுங்கள். குழந்தைகள் சூழ்ந்து நிற்க வேண்டா. நன்கு தெளிந்தபின் சிறிதளவு உணவு போதும். வீட்டில் வேறு பூனை இருந்தால், மருத்துவமனை வாசனையால் அது சீறக்கூடும். ஓரிரு நாள் பிரித்து வையுங்கள்.

அடுத்த பத்து முதல் பதினான்கு நாள்கள்

நாயைச் சங்கிலியில் பிடித்தபடி, மலசலம் கழிக்க மட்டும் வெளியே அழைத்துச் செல்லுங்கள். மாடிப்படியும் சோபாவும் ஆகா. பூனையை, தாவி ஏற அலமாரி இல்லாத அறையில் வையுங்கள். உடலுக்கு ஓய்வு தரும் நாள்களில் மூளைக்கு வேலை வேண்டும்: மடித்த துண்டுக்குள் உணவுத் துணுக்குகளை ஒளித்து முகர்ந்து தேட விடுங்கள். அப்படியும் அடங்காத பிராணிக்கு அமைதியூட்டும் மருந்து உண்டு. மருத்துவரிடம் கேட்கத் தயங்காதீர்கள்.

நக்கினால் புண் ஆறும் என்பது தவறு. நக்குவதால் தையல் பிரியும், கிருமி சேரும். பரிதாபப்பட்டுக் கவசத்தைக் கழற்றாதீர்கள். குளிப்பாட்டுதல், மஞ்சள் அல்லது எண்ணெய் பூசுதல் கூடாது. வலிக்கு நாங்கள் தந்த மருந்தை மட்டுமே கொடுங்கள். மனிதர் உண்ணும் பாராசிட்டமால் பூனையின் உயிரையே பறிக்கும்.

அமைதி வேறு, சோர்வு வேறு

அழைத்தால் காதசைத்து, உண்டு, உறங்கும் பிராணி அமைதியாக இருக்கிறது. மூலையில் ஒடுங்கி உணவை மறுக்கும் பிராணி வலியை மறைக்கிறது. ஒரு நாள் முழுதும் உண்ணாமை, தொடர் வாந்தி, ஈறு வெளுத்தல், இரத்தக் கசிவு, வீக்கம், சீழ் ஆகியவற்றுள் ஒன்றைக் கண்டாலும், மறுநாள் பார்க்கலாம் என்றிராமல் உடனே எங்களை அழையுங்கள்.